நேப்பாளமும் நானும் உப்பில்லாச் சோறும்

கனடாவுக்கு வந்து சேர்ந்த யாழ்ப்பாணத்து ஆம்பிளைகளுக்குள், அருமையாகச் சமைக்கத் தெரிந்தும் ஒரு யாழ்ப்பாணக் கறிகூட வைக்கத் தெரியாத ஒரே ஆள் நேப்பாளம்தான். இதைப் பந்தயம் கட்டிச் சொல்வேன். புட்டு அவிக்கத் தெரியாது. சொதி வைக்கத் தெரியாது. மீனைக் கொடுத்தால் அதை எந்தப் பக்கத்தால் பிடிப்பது என்றே தெரியாது. ஆனால் தோல் உளுந்தில் கன்னங்கரேலென்று ஒரு பருப்பு வைப்பான். அது கொதிக்கிற நேரம் பக்கத்து அப்பார்ட்மென்ற் சீனத்துக் கிழவர் தன் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு சும்மா நிற்பார்.

அவனுக்குத் தாய் தகப்பன் வைத்த பெயர் ஒன்று இருந்தது. கீழே தபால் பெட்டியில் மட்டும் அதைப் பார்க்கலாம். கனடாவுக்கு வருகிற வழியில், ஆள் அனுப்புகிற ஏஜென்சிக்காரன் அவனைக் காத்மண்டுவில் ஒரு வீட்டில் கொண்டுபோய் விட்டு, "ரெண்டு நாளில வாறன்" என்று சொல்லிவிட்டு மறைந்துபோனான். இரண்டு நாள் எட்டு மாதம் ஆனது. அந்த வீட்டுக்காரி நாற்பது வயது மதிக்கத்தக்க ஒரு விதவை. அவள்தான் இவனுக்குச் சமையல் பழக்கினாள். அந்த ஊரில் அக்காவைத் தீதி என்பார்களாம். தீதி அப்படிச் சொன்னவ, தீதி இப்படிச் செய்தவ என்று காது புளிக்கும்வரை கேட்டோம். பொறுக்க முடியாமல் ஒருநாள் நேப்பாளம் என்று பெயர் வைத்தோம். அவன் அதை ஒரு பட்டம் கிடைத்ததுபோல வாங்கிக்கொண்டான்.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது. மல்வேர்ன் என்ற இடத்தில் ஒரு கட்டடத்தின் பதினோராம் மாடியில் மூன்று பேர் இருந்தோம். வீடு என்னோடு படித்த சௌந்தரனின் பெயரில். அவனுக்கு ஒரு அறை, எனக்கு ஒரு அறை, நேப்பாளத்துக்கு ஹோலில் கிடந்த சோபா.

நான் அப்போது எந்த நிலையில் இருந்தேன் என்பதையும் சொல்லிவிட வேண்டும். அம்மாவுக்கு நான் ஒற்றைப் பிள்ளை. அப்பா நான் சின்னனாக இருக்கும்போதே போய்விட்டார். நான் வெளிக்கிட்ட அன்று, "உங்களுக்கு ஒண்டெண்டால் கொள்ளி வைக்க வந்திடுவன் அம்மா" என்று சொன்னேன். அரசாங்க உத்தியோகம் பார்த்தவனுக்கு வாக்குறுதி கொடுக்கத் தெரியாமலா? அம்மா சிரித்தா. "அதுக்கு முதல் ஒருக்கால் சாப்பிட வா" என்றா. இரண்டுக்கும் போக முடியவில்லை. என்னுடைய அகதி வழக்கு முடியாமல் நாட்டைவிட்டு அசைய முடியாது. பிறகு, சண்டைக்குப் பயந்து ஊரே எழும்பி ஓடிய அந்த வருடம் வந்தது. கடிதம் நின்றுபோனது. அம்மா எந்தத் திசையில் நடந்தா, யாரோடு நடந்தா என்று ஒருவருக்கும் தெரியவில்லை. தினமும் வேலையால் வந்து தபால் பெட்டியைத் திறப்பேன். அதற்குள் பீட்சாக் கடை விளம்பரம் இருக்கும்.

நேப்பாளத்தை எனக்குப் பிடிக்காமல் போனதற்கு இதுதான் காரணம். ஒருவன் தாயைப் பற்றித் தகவல் இல்லாமல் தவித்துக்கொண்டிருக்கும் வீட்டில், இன்னொருவன் உல்லாசப் பயணம் போன இடத்தில் சமையல் பழகின கதையைச் சிரித்துச் சிரித்துச் சொல்லிக்கொண்டிருந்தால் எப்படி இருக்கும்? உல்லாசப் பயணம் என்பது என்னுடைய சொல் இல்லை, அவனுடையது.

அவனுடைய சட்டங்கள் வேறு. குசினி வாசலில், தரைக்குக் குறுக்காக, மஞ்சள் ரேப் ஒன்று ஒட்டி வைத்திருந்தான். அவன் சமைக்கிற நேரம் அந்தக் கோட்டை ஒருவரும் தாண்டக் கூடாது. வீட்டுக்குக் கையெழுத்து வைத்த சௌந்தரன், தன்னுடைய பிரிட்ஜில் இருக்கிற தண்ணீரைக் கேட்டு வாங்கிக் குடிக்க வேண்டும். ஒருநாள் அவன் பொறுக்காமல் கோட்டுக்கு இந்தப் பக்கம் நின்றபடி நீட்டக் கரண்டியை விட்டுப் பருப்பை அள்ளி வாயில் வைத்துவிட்டான். நேப்பாளம் அடுப்பை நிற்பாட்டினான். பானையைத் தூக்கிக்கொண்டு வந்து சௌந்தரனுக்கு முன்னால் வைத்தான்.

"இனி இது உங்கட, அண்ணை."

"முழுக்கவோ?"

"வாய் வைச்சது நீங்கள்தானே? எச்சில் பட்டால் அது அந்த ஆளுக்குத்தான். தீதி வீட்டுச் சட்டம்."

நானும் நேப்பாளமும் பாண் சாப்பிட்டோம். சௌந்தரன் மூன்று நாள் பருப்புத் தின்றான். அதற்குப் பிறகு குசினிப் பக்கம் போனால் கையைப் பின்னால் கட்டிக்கொண்டுதான் போவான்.

சோறு காலை பத்து மணிக்கு. பன்னிரண்டுக்கு இல்லை, ஒன்றுக்கு இல்லை. இதற்காக ஒரு பேக்கரி வேலையைப் பறிகொடுத்தான். இடைவேளையைப் பத்து மணிக்கு மாற்றித் தரச் சொல்லிக் கேட்டானாம். நேபாளத்தில் பத்து மணிக்குத்தான் சோறு என்று போர்மனுக்கு இங்கிலிஷில் விளங்கப்படுத்தியும் இருக்கிறான்.

"நீ நேபாளியா?" என்று போர்மன் கேட்டான்.

"இல்லை."

"அப்ப உனக்கு என்ன?"

அந்தக் கேள்விக்கு அவனிடம் பதில் இருக்கவில்லை. அடுத்த நாள் வேலையும் இருக்கவில்லை.

எல்லாவற்றிலும் பெரிய கூத்து குந்ருக். கடுகுக்கீரையை வாடவிட்டு, போத்தலில் அடைத்து, புளிக்க வைத்து, பிறகு காயப்போட்டு எடுக்கிற ஒரு சாமான். நேபாளத்தில் வெயிலில் காயவைப்பார்கள். மல்வேர்னில் தை மாதம் வெயிலுக்கு எங்கே போவது? சௌந்தரனின் அறை ஹீற்றருக்கு மேலே பேப்பர் விரித்துக் காயப்போட்டான். இரண்டாம் நாள் முழு மாடியும் முறைப்பாடு வைத்தது. கட்டடத்தைப் பராமரிக்கிற சுப்பர், ஆறரை அடிப் போலந்துக்காரர், குறடோடு வந்து சிங்குக்குக் கீழே தலையை விட்டார். "உள்ளே எலி செத்திருக்கிறது" என்றார். நேப்பாளம் ஒரு கோப்பை குந்ருக் சூப்பை அவர் கையில் கொடுத்தான். மனிசன் முதலில் மணந்து பார்த்தார். பிறகு குடித்தார். பிறகு மீசையைத் துடைத்துக்கொண்டு, தன் தாய் முட்டைக்கோவாவைப் பீப்பாயில் போட்டு இப்படித்தான் செய்வா என்று சொல்லிக் கதிரையில் இருந்துவிட்டார். அன்றிலிருந்து ஞாயிற்றுக்கிழமை தவறாமல் கோப்பையோடு வருவார். யாராவது மணக்கிறது என்று முறையிட்டால், "குழாய் வேலை நடக்கிறது, ஒரு கிழமையில் சரியாகும்" என்று அவரே சமாளிப்பார்.

நேப்பாளம் மாவைக் கொதிநீரில் போட்டுக் கிண்டிக் களி மாதிரி ஒன்று செய்வான். கிண்டுவதற்குக் குப்பை அறையில் கிடந்த உடைந்த ஹொக்கி மட்டையை எடுத்து, அரிந்து, மூன்று நாள் உரஞ்சிக் கழுவி வைத்திருந்தான். அந்தக் களியைச் சப்பக் கூடாது, விழுங்க வேண்டும் என்பான். "எனக்குப் பல்லிருக்கு" என்று சௌந்தரன் சண்டை பிடிப்பான்.

ஒருநாள் எனக்குப் பொறுமை போய்விட்டது.

"ஐசே, ஒரு நாளைக்கெண்டாலும் எங்கட சாப்பாடு ஒண்டு சமைக்க மாட்டீரோ?"

"எனக்கு உது மட்டும்தான் அண்ணை தெரியும்" என்றான், சிரித்துக்கொண்டு.

திமிர் என்று நினைத்தேன். நான் அவனைப் பற்றி நினைத்தது பெரும்பாலும் பிழை. அதில் பெரிய பிழை இது.

பங்குனி மாதம் ஒருநாள் மத்தியானம் வேலைக்கு வெளிக்கிட முன்னர் தபால் பெட்டியைத் திறந்தேன். கொழும்பு முத்திரையோடு கடிதம் இருந்தது. பக்கத்து வீட்டு வாத்தியார் எழுதியிருந்தார். இடம்பெயர்ந்து தங்கியிருந்த பள்ளிக்கூடத்தில், காய்ச்சலில், இரண்டு மாதத்துக்கு முன்னர் அம்மா போய்விட்டா. அவருடைய மகன் கொள்ளி வைத்தான். "நீர் கவலைப்பட வேண்டாம், எல்லாம் முறைப்படி நடந்தது" என்று எழுதியிருந்தார். நல்ல மனிசன். அந்த வரிதான் எனக்குத் தாங்கவில்லை. எல்லாம் முறைப்படி நடந்தது. நான் இல்லாமல்.

மேலே வந்து சௌந்தரனிடம் கடிதத்தைக் கொடுத்தேன். அவன் கண் கலங்கி, விசயம் தெரிந்த ஒருவருக்குப் போன் பண்ணிக் கேட்டான். "முப்பத்தொண்டாம் நாள் காரியமும் கழிஞ்சு போச்சாம், மச்சான். இனித் தலை முழுகினால் போதுமாம்" என்றான். நான் போய்த் தலை முழுகினேன். எட்டு நிமிடம். அம்மாவுக்கு ஒற்றைப் பிள்ளை செய்த முழுக் கடமையும் அந்த எட்டு நிமிடம்தான். கண்ணில் ஒரு சொட்டுத் தண்ணீர் இல்லை. துடைத்துக்கொண்டு வந்து காலில் சப்பாத்தைப் போட்டேன்.

வாசலில் நேப்பாளம் நின்றான்.

"எங்க அண்ணை?"

"வேலைக்கு."

"ஏலாது அண்ணை. கேட்ட நாளில இருந்து பதின்மூண்டு நாள் துக்கம். செத்த நாள் கணக்கில்லை, மகன் கேட்ட நாள்தான் கணக்கு. தீதி வீட்டுச் சட்டம்."

எனக்கு எங்கிருந்து அவ்வளவு ஆத்திரம் வந்ததோ தெரியாது. "உம்மட நேபாளத்தைக் கொண்டுபோய்க் குப்பையில போடும்! செத்தது என்ர அம்மா. உல்லாசப் பயணம் போன உமக்கு என்ன தெரியும்?" என்று கத்தினேன். சௌந்தரன் என் கையைப் பிடித்தான்.

நேப்பாளம் குரலை உயர்த்தவில்லை.

"எனக்கும் அங்கதான் அண்ணை கடிதம் வந்தது" என்றான்.

பிறகு நின்ற நிலையில் சொன்னான். காத்மண்டுவுக்குப் போய் இரண்டாம் மாதம், ஊரில் தாய் செத்துப்போன கடிதம் ஏழு கிழமை பிந்தி வந்திருக்கிறது. தீதிக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது, அவன் முகத்தை வாசித்திருக்கிறாள். அந்த வீட்டு வழக்கப்படி, தாய்க்காகத் துக்கம் காக்கிறவன் மற்றவர் சமைத்ததைச் சாப்பிடக் கூடாது. நாளுக்கு ஒரு நேரம், உப்பில்லாமல், தானே சமைத்துச் சாப்பிட வேண்டும். அவனை ஒருவரும் தொடக் கூடாது. இவனோ அன்றுவரை ஒரு முட்டைகூட அவித்ததில்லை. தீதி செம்மண்ணால் தரையில் ஒரு கோடு கீறினாள். இவன் கோட்டுக்கு உள்ளே, அவள் வெளியே. அங்கே இருந்துகொண்டு, கையாலும் கண்ணாலும், தண்ணீர் இவ்வளவு, நெருப்பு இவ்வளவு என்று காட்டிக் காட்டிப் பழக்கினாள். துக்கம் முடிந்த பிறகும் மிச்ச மாதங்கள் அவள் பக்கத்தில் இருந்தே மற்றதையெல்லாம் பழகினான். அவனுடைய சமையலுக்கு ஆரம்பம் அதுதான்.

"அப்ப ஏன் ஐசே உல்லாசப் பயணம் எண்டு சொன்னனீர்?"

"கேக்கிறவைக்கு லேசா இருக்கட்டும் எண்டுதான்."

நான் சப்பாத்தைக் கழற்றினேன்.

கம்பனியில் போய்க் கேட்க மூன்று நாள் லீவு தந்தார்கள். தாய் எப்போது இறந்தா என்று எங்கள் போர்மன் கேட்டார். இரண்டு மாதத்துக்கு முன்னர் என்றேன். என்னை ஏற இறங்கப் பார்த்தார். "எனக்கு இண்டைக்குத்தான் தெரியும்" என்று விளங்கப்படுத்தினேன். கையெழுத்து வைத்தார். நாலாம் நாளிலிருந்து சமையலை முடித்துவிட்டுப் பின்னேர ஷிப்டுக்குப் போனேன்.

துக்கம் காக்கிறவன் தையல் இல்லாத வெள்ளைத் துணி உடுக்க வேண்டும். சௌந்தரன் ஓடிப்போய்ப் பிளாசாவில் ஒரு வெள்ளைக் கட்டில் சீலை வாங்கி வந்தான். பிரித்துப் பார்த்தால் நாலு மூலையும் லாஸ்ரிக் போட்டுத் தைத்தது. இடுப்பில் சுற்ற அது ஒரு பெரிய தொப்பி மாதிரி என்னைக் கவ்விப் பிடித்தது. அந்த நாளிலும் சௌந்தரன் சிரித்துவிட்டான், சிரித்ததற்கு அழுதும் விட்டான். நேப்பாளம் கத்தரிக்கோலை எடுத்துக்கொண்டு போய் மூலையில் இருந்து, ஒரு மணித்தியாலமாக லாஸ்ரிக்கை வெட்டி எடுத்தான்.

அடுத்த நாள் காலை பத்து மணிக்கு நான் ரேப்புக்கு உள்ளே நின்றேன். நேப்பாளம் வெளியே பிளாஸ்ரிக் முக்காலியில் இருந்தான். என்னுடைய முப்பத்தெட்டு வயதுவரை அம்மா என்னைக் குசினிக்குள் விட்டதில்லை. ஆம்பிளைப் பிள்ளைக்கு இங்க என்ன வேலை என்று அகப்பையோடு கலைப்பா. இப்போது வெறும் பானையோடு நேப்பாளத்தைப் பார்த்தேன்.

"ரெண்டு கை அரிசி போடுங்கோ அண்ணை. கழுவுங்கோ. இன்னொருக்கால்."

"தண்ணி?"

"விரலை வையுங்கோ. காணாது. இன்னும் விடுங்கோ. ஐயோ, கூடிப்போச்சு!"

பொங்கி வழிந்தது. எந்தச் சுவிச் எந்த அடுப்புக்கு என்று தெரியாமல் மாறித் திருப்பினேன். அடிப்பிடித்துப் புகை கிளம்ப, மேலே அலாரம் கத்தத் தொடங்கியது. நேப்பாளத்துக்கு உள்ளே வரவும் முடியாது, வெளியே நின்று பார்க்கவும் முடியாது. துவாயைச் சுழற்றி அலாரத்துக்கு விசிறியபடி கோட்டுக்கு வெளியே குதித்துக்கொண்டிருந்தான். சுப்பர் குறடோடு ஓடி வந்தார். நேராக அடுப்புக்குப் போகப் பார்த்தவரை நேப்பாளம் இரண்டு கையையும் விரித்து மறித்தான்.

"நோ! நோ! மதர் டெட்!"

ஆறரை அடி மனிசன் அப்படியே நின்றார். என் துணியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டார். நான் சரியான சுவிச்சைக் கண்டுபிடித்து நிற்பாட்டும்வரை, கரிச்சோற்றைச் சுரண்டி எடுக்கும்வரை, சௌந்தரனும் சேர்த்து மூன்று ஆம்பிளைகள் அந்த மஞ்சள் கோட்டுக்கு வெளியே வரிசையாக நின்றார்கள். அந்தக் கரிச்சோற்றைக் கடதாசித் தட்டில் போட்டு நெய் விட்டுத் தின்றேன்.

இரண்டாம் நாள் அரிசி வேகவில்லை. மூன்றாம் நாள் கூழாகியது. நாலாம் நாள் மறுபடி கரி. ஆட்கள் போன் பண்ணித் துக்கம் விசாரித்தார்கள். "ஓம், ஓம், வயசுதானே" என்று அரசாங்கக் கந்தோரில் பதில் சொல்வதுபோலச் சொல்லி வைத்தேன். அழுகை வரவில்லை. எனக்கே என்மேல் வெறுப்பாக இருந்தது. நேப்பாளம் மட்டும் தினமும் பத்து மணிக்கு அந்த முக்காலியில் வந்து இருப்பான். நான் சாப்பிட்டு முடிக்கும்வரை அவன் வாயில் தண்ணீர்கூடப் படாது.

ஒன்பதாம் நாள் மூடியைத் திறந்தேன். சோறு சரியாக வந்திருந்தது. வெள்ளை வெளேரென்று, ஒன்றோடொன்று ஒட்டாமல். ஆவி முகத்தில் அடித்தது. எனக்கு அந்த நேரம் ஒரே ஒரு நினைப்புத்தான் வந்தது. இதை அம்மாவுக்கு எழுத வேண்டும். அம்மா, நான் சோறு வைச்சிட்டன். நம்ப மாட்டீங்கள், நான் சோறு வைச்சிட்டன்.

அடுப்புக்குப் பக்கத்தில் நிலத்தில் இருந்துகொண்டு, வாய்விட்டு, ஊரில் செத்தவீட்டில் பெண்கள் அழுவார்களே அப்படி அழுதேன். சௌந்தரன் அறைக்குள்ளிருந்து ஓடி வந்தான். நேப்பாளம் அவனை மறித்தான்.

"விடுங்கோ அண்ணை. அழட்டும். தொடக் கூடாது."

பிறகு அவனும் முக்காலியை விட்டு இறங்கி, கோட்டுக்கு மற்றப் பக்கம், எனக்கு எதிரே நிலத்தில் இருந்தான். அவனுடைய கண்ணாலும் ஓடிக்கொண்டிருந்தது. எவ்வளவு நேரம் என்று தெரியாது.

"சோறு ஆறப் போகுது அண்ணை" என்றான் கடைசியில். "சாப்பிடுங்கோ."

பதின்மூன்றாம் நாள் அவனே சமைத்து, என் உள்ளங்கையில் ஒரு சிட்டிகை உப்பு வைத்தான். உப்பு இவ்வளவு உறைக்கும் என்று எனக்கு அன்றுதான் தெரியும்.

பிறகு நாங்கள் மூவரும் திசைக்கு ஒருவராய்ப் பிரிந்தோம். நேப்பாளம் பிறம்ரன் நகரத்துக்குப் போய் ட்றக் ஓடத் தொடங்கினான், கலியாணம் கட்டினான். மனிசி நல்லாகப் புட்டு அவிக்கும் பிள்ளை. தொண்ணூறுகள் முடிகிற நேரம், என்னுடைய கம்பனிக்கு உண்மையான நேபாளி ஒருவர் வேலைக்கு வந்தார். நான் பெருமையாக அந்தப் பதின்மூன்று நாள் கதையைச் சொன்னேன். அவர் யோசித்துப் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினார். அவ்வளவு பிந்திக் கேள்விப்பட்டால் தங்கள் பக்கத்தில் மூன்று நாள்தான் என்றார். பதின்மூன்று என்று உங்களுக்கு யார் சொன்னது என்றும் கேட்டார்.

அன்று பின்னேரமே பிறம்ரனுக்குப் போன் பண்ணினேன்.

"ஐசே, பதின்மூண்டு நாள் எண்டு ஆர் உமக்குச் சொன்னது?"

அந்தப் பக்கம் கதிரை இழுபடுகிற சத்தம் கேட்டது.

"தீதியும் மூண்டு நாள் எண்டுதான் அண்ணை முதல்ல காட்டினவ. மூண்டு விரல். மூண்டாம் நாள் என்ர முகத்தைப் பாத்தா. நான் அப்பவும் அழேல்லை. அவ நாலாம் நாளும் அரிசியைக் கொண்டுவந்து வைச்சா. அப்பிடியே பதின்மூண்டு நாள் வைச்சா."

"அப்ப எனக்கு ஏன் சட்டம் எண்டு சொன்னனீர்?"

"நீங்கள் தலை முழுகிப்போட்டுச் சப்பாத்துப் போட்டுக்கொண்டு வந்தனீங்களெல்லோ, அப்பவே எனக்குத் தெரியும் மூண்டு நாள் உங்களுக்குக் காணாது எண்டு. சும்மா சொன்னால் கேப்பியளோ? கந்தோரில உத்தியோகம் பாத்த ஆள். சட்டம் எண்டாத்தான் கேப்பியள்."

சரி, போனை வையும் என்றேன். வைத்த பிறகும் போனைக் கையிலேயே பிடித்துக்கொண்டு இருந்தேன்.

அம்மாவுக்கு நான் ஒற்றைப் பிள்ளை. கேட்கிறவர்களுக்கு இன்றைக்கும் அப்படித்தான் சொல்கிறேன். ஆனால் அவவுக்காகத் துக்கம் இருந்த அந்தப் பதின்மூன்று நாளும் நாங்கள் இரண்டு பிள்ளைகள் இருந்தோம்.